கிராமத்துப் பஸ்ஸும் கமக்காரர் வருவாயும்

நெல்லையும் மரக்கறியையும் விளைவிப்பது கமத்தொழிலின் ஒரு பாதியாகும். விளைந்ததைக் கெடாமற் சந்தைக்குக் கொண்டு சேர்த்து நியாயமான விலைக்கு விற்பது அதன் மறுபாதியாகும். முதற் பாதிக்கு வேண்டிய மண், நீர், விதை, பசளை என்பவற்றைப் பற்றி ஊர்தோறும் பேசப்படுகிறது. மறுபாதிக்கு வேண்டிய வண்டியைப் பற்றிப் பேசுவோர் குறைவு. விடியற்காலையில் ஊர்ச் சந்தியில் வந்து நிற்கும் பஸ் வண்டி, வாய்க்காலில் வரும் நீரைப் போலவே கமக்காரரின் வருவாயை ஆக்கவும் அழிக்கவும் வல்லது. மாத்தளை மாவட்டத்தில் இந்தச் சேவை எவ்வாறு அமைந்தது, அதனாற் கமக்காரர் பெறும் பயன் யாது, அதனைக் காப்பதற்குச் செய்யவேண்டியவை யாவை என்பன இங்கு விளக்கப்படுகின்றன.

மாவட்டத்தின் அமைப்பு

மாத்தளை மாவட்டம் ஏறக்குறைய 1,993 சதுர கிலோமீற்றர் பரப்புடையது. இலங்கையின் மத்திய மாகாணத்திலுள்ள மூன்று மாவட்டங்களுள் இதுவே பரப்பிற் பெரியது. இதன் தெற்கே உக்குவளை, இரத்தோட்டை ஆகிய பகுதிகள் மலைச்சரிவுகளாலும் வாசனைத் திரவியத் தோட்டங்களாலும் தேயிலைத் தோட்டங்களாலும் ஆனவை. வடக்கே கலேவெல, தம்புள்ளை ஆகிய பகுதிகள் குளங்களை நம்பிய உலர்ந்த சமநிலங்கள். கிழக்கே நக்கிள்ஸ் மலைத்தொடருக்கு அப்பால் லக்கல, வில்கமுவ ஆகிய பகுதிகள் உள்ளன. ஒரே மாவட்டத்தில் மிளகும் கராம்பும் ஒருபுறம், நெல்லும் பெரிய வெங்காயமும் மறுபுறம் விளைவது இவ்வமைப்பினாலேயே.

புகையிரதப் பாதை கண்டியிலிருந்து மாத்தளை நகர்வரையே வருகிறது. அதற்கு வடக்கும் கிழக்கும் உள்ள ஊர்கள் யாவும் வீதியையே நம்பியவை. கண்டியிலிருந்து யாழ்ப்பாணம் செல்லும் பெருவீதி மாத்தளை, நாவுல, தம்புள்ளை ஆகிய நகர்களூடாகச் செல்கிறது. குருநாகலிலிருந்து திருகோணமலை செல்லும் வீதி கலேவெல, தம்புள்ளை வழியாகச் செல்கிறது. இவ்விரு பெருவீதிகளின் ஓரத்தில் வாழ்வோருக்கு வண்டி ஒரு பொருட்டன்று. ஒன்று போனால் மற்றொன்று வரும். ஆயின் பெருவீதியிலிருந்து உள்ளே ஐந்து கிலோமீற்றரோ பதினைந்து கிலோமீற்றரோ தள்ளியுள்ள ஊரவரின் நிலை வேறு. அவர்களுக்குக் காலையில் ஒரு பஸ், மாலையில் ஒரு பஸ் என்பதே வழக்கம். அந்த ஒன்று தவறினால் அன்றைய வேலை தவறும்.

வில்கமுவவை எடுத்துக்காட்டாகக் கூறலாம். வரைபடத்திற் பார்க்கையில் அது மாத்தளை நகருக்கு மிகத் தொலைவில் இல்லை. இடையே மலைத்தொடர் நிற்பதனால் நாவுல, எலஹெர வழியாகச் சுற்றியே வரவேண்டும். மாத்தளையிலிருந்து இரத்தோட்டை, ரிவஸ்டன், இலுக்கும்புற வழியாகப் பல்லேகம செல்லும் மலைவீதியோ வளைவுகளும் மூடுபனியும் நிறைந்தது. இத்தகைய வீதிகளில் இலாபத்தை மட்டும் கருதி வண்டி ஓட்டுவோர் வரமாட்டார்கள்.

வீதி வந்த வரலாறு

மாத்தளை மக்களுக்கு வீதி எளிதாக வந்ததன்று. 1848 ஆம் ஆண்டு ஆங்கில அரசாங்கம் வீதிச் சட்டம் ஒன்றை இயற்றியது. 18 வயது முதல் 55 வயது வரையுள்ள ஆண்கள் ஆண்டுதோறும் 6 நாள் வீதி வேலை செய்தல் வேண்டும். அன்றேல் 3 சிலிங்கு செலுத்துதல் வேண்டும் என அச்சட்டம் விதித்தது. வேறு வரிகளும் அதனுடன் சேர்ந்தன. கோப்பித் தோட்டத் துரைமாருக்கே அவ்வீதிகள் பெரிதும் பயன்பட்டன. குடியானவருக்குக் கிட்டியது உழைப்பின் சுமையே. அவ்வாண்டு யூலை மாதத்தில் மாத்தளையிற் கிளர்ச்சி எழுந்தது. கொங்காலேகொட பண்டா தம்புள்ளையில் அரசனாக முடிசூட்டப்பட்டார். கிளர்ச்சித் தலைவருள் ஒருவரான புரன் அப்பு ஆகத்து மாதத்திற் கண்டியிற் சுடப்பட்டு இறந்தார். கிளர்ச்சி அடக்கப்பட்டது.

கோப்பி மூட்டைகளை மாட்டு வண்டிகள் சுமந்த காலம் கழிந்து, 1867 இற் புகையிரதம் கண்டியை அடைந்தது. 1880 இல் மாத்தளையை அடைந்தது. அதுவும் தோட்டப் பயிர்களை ஏற்றுமதிக்காகத் துறைமுகத்துக்குக் கொண்டுசெல்லும் நோக்கத்துடனேயே வந்தது. நெல் விளைவித்தவரும் சேனையில் மிளகாய் விளைவித்தவரும் தத்தம் பொருளைத் தலையிலும் காவுதடியிலும் சுமந்தே சந்தைக்குச் சென்றனர். வீதி இருந்தும் வண்டி இல்லையேல் வீதியினாற் பயன் இல்லை என்பதை இவ்வரலாறு காட்டுகிறது.

பஸ் சேவை பொதுவுடைமையானமை

இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் மோட்டார் பஸ்கள் இலங்கை வீதிகளில் ஓடத் தொடங்கின. அவை தனியாருக்குரியவை. ஒரே வழியிற் பலர் வண்டி விட்டுப் போட்டியிட்டனர். 1942 ஆம் ஆண்டின் சட்டத்தால் வழித்தட உரிமை முறை வந்தது. கம்பனிகள் தத்தமக்குரிய வழிகளிற் சேவை நடத்தின. எனினும் வருவாய் மிகுந்த வழிகளிற் காட்டிய அக்கறை ஒதுக்குப்புறமான வழிகளிற் காட்டப்படவில்லை. ஊழியரின் நிலையும் திருப்தியானதாக இருக்கவில்லை. 1948, 1954, 1956 ஆகிய ஆண்டுகளில் இச்சேவையைப் பற்றி ஆராய்ச்சிகள் நடத்தப்பெற்று அறிக்கைகள் வெளிவந்தன.

1956 இற் பதவிக்கு வந்த எஸ். டபிள்யூ. ஆர். டி. பண்டாரநாயக்காவின் அரசாங்கம் பஸ் சேவையைப் பொதுவுடைமையாக்கத் தீர்மானித்தது. போக்குவரத்து அமைச்சராக விளங்கியவர் மைத்திரிபால சேனாநாயக்கா. 1957 ஆம் ஆண்டின் மோட்டார்ப் போக்குவரத்துச் சட்டத்தின்படி 1958 சனவரி 1 ஆந் தேதி இலங்கைப் போக்குவரத்துச் சபை தொழிற்படத் தொடங்கியது. அதே ஆண்டிலேயே நெற்காணிச் சட்டமும் நிறைவேறியது. குத்தகைக்கு உழுதவருக்கு நிலத்தில் ஓர் உறுதியை அளித்த சட்டமும், அவர் விளைவித்ததை ஏற்றிச் செல்லும் வண்டியைப் பொதுவாக்கிய சட்டமும் ஓராண்டில் நடைமுறைக்கு வந்தமை கமக்காரர் நினைவிற் கொள்ளத்தக்கது.

சிவப்பு நிற வண்டிகள் ஊரூராகச் சென்றன. வளர்ந்து உச்ச நிலையை அடைந்தபோது சபையிடம் ஏறக்குறைய 7,000 வண்டிகளும் 50,000 க்கு மேற்பட்ட ஊழியரும் இருந்தனர். உலகின் மிகப் பெரிய பஸ் நிறுவனங்களுள் ஒன்றாக அது எண்ணப்பட்டது. ஆயினும் சபையின் பெருமை அதன் பருமனில் இல்லை. கொழும்பு வழித்தடத்திற் பெற்ற வருவாயைக் கொண்டு, பத்துப் பேர் ஏறும் கிராமத்து வழியிலும் வண்டி விட முடிந்ததே அதன் சிறப்பு. ஒரு குளத்தின் நீர் மேட்டு வயலுக்கும் பள்ள வயலுக்கும் பங்கிடப்படுவது போல, ஒரு வழியின் மிகை மற்றொரு வழியின் குறையை நிரப்பியது.

பின் வந்த மாற்றங்கள்

1978 இற் சபை பிரதேச வாரியாகப் பிரிக்கப்பட்டது. 1979 முதற் தனியார் பஸ்களுக்கு மீண்டும் இடமளிக்கப்பட்டது. 1990 களின் தொடக்கத்தில் போக்குவரத்துச் சாலைகள் தனித்தனிக் கம்பனிகளாக மாற்றப்பட்டன. 1991 ஆம் ஆண்டின் சட்டத்தினால் தேசிய போக்குவரத்து ஆணைக்குழு அமைந்தது. இறுதியாக 2005 ஆம் ஆண்டின் சட்டத்தினால் அக்கம்பனிகள் யாவும் மீண்டும் இலங்கை போக்குவரத்துச் சபை என்னும் ஒரே நிறுவனத்தின் கீழ்க் கொண்டுவரப்பட்டன. மாத்தளையிலும் தம்புள்ளையிலும் அச்சபையின் சாலைகள் இயங்கி வருகின்றன.

தனியார் பஸ்கள் வந்தமையாற் பெருவீதிகளில் வண்டிகள் பெருகின. பயணிகள் காத்திருக்கும் நேரம் குறைந்தது. இஃது ஒரு நன்மையே. ஆயின் வருவாய் மிகுந்த வழிகளிற் போட்டி ஏற்பட்டபோது சபையின் மிகை வருவாய் குறைந்தது. அந்த மிகையை நம்பியிருந்த கிராமத்து வழிகள் நலிந்தன. இக்குறையை ஈடுசெய்யவே அரசாங்கம் பொதுப் பணத்திலிருந்து உதவி வழங்குகிறது. வருவாய் குறைந்த கிராம வழிகளுக்காகக் 'கெமி சரிய' என்றும், பாடசாலை மாணவருக்காகச் 'சிசு சரிய' என்றும் சேவைகள் நடத்தப்படுகின்றன. ஆகவே கிராமத்துப் பஸ் ஓடுவது பயணச்சீட்டுப் பணத்தால் மட்டுமன்று. நாட்டு மக்கள் யாவரும் செலுத்தும் வரியினாலும் ஓடுகிறது. அதனை வீணாக்காது பயன்படுத்துவது கடமையாகும்.

தம்புள்ளைச் சந்தை

1999 ஆம் ஆண்டு தம்புள்ளையில் விசேட பொருளாதார மத்திய நிலையம் திறக்கப்பட்டது. யாழ்ப்பாண வீதியும் திருகோணமலை வீதியும் சந்திக்கும் நகராதலால், நாட்டின் நாற்றிசையிலிருந்தும் மரக்கறி அங்கு வந்து குவிந்து மீண்டும் நாற்றிசைக்கும் செல்கிறது. மாத்தளை மாவட்டக் கமக்காரருக்கு இஃது ஒரு பெரும் வாய்ப்பு. நாட்டின் மொத்த விற்பனைச் சந்தைகளுள் முதன்மையானது அவர்களது மாவட்டத்துக்குள்ளேயே அமைந்துள்ளது.

எனினும் வாய்ப்பு யாவருக்கும் ஒரே அளவிற் கிட்டுவதில்லை. பத்து மூடை பெரிய வெங்காயம் வைத்திருப்பவர் லொறியை அமர்த்தலாம். நாற்பது கிலோ போஞ்சியோ இருபது கிலோ பாகற்காயோ வைத்திருப்பவர் லொறியை அமர்த்த இயலாது. அவருக்கு இரண்டே வழிகள் உள்ளன. ஒன்று, வாசலுக்கு வரும் வியாபாரிக்கு அவர் கேட்ட விலைக்குக் கொடுப்பது. மற்றது, பஸ்ஸில் ஏற்றிச் சந்தைக்குக் கொண்டு செல்வது. இரண்டாவது வழி அடைபட்ட ஊரில் முதலாவது வழியில் விலை தாழும். வியாபாரி தீயவர் என்பதனால் அன்று. கமக்காரருக்கு வேறு போக்கில்லை என்பதை அவர் அறிவார் என்பதனால்.

இங்குக் கவனிக்கத்தக்க உண்மை ஒன்றுண்டு. ஊருக்குக் காலைப் பஸ் ஒழுங்காக வருமாயின், அதில் ஏறாத கமக்காரரும் அதனாற் பயன் பெறுவர். மறுத்துவிட்டுச் சந்தைக்குப் போகலாம் என்ற நிலை இருப்பதொன்றே வாசல் விலையைச் சிறிது உயர்த்தும். முதல் நாள் சந்தைக்குச் சென்று வந்தவர் சொல்லும் விலை ஊர் முழுவதற்கும் பயன்படும். ஹெக்டர் கொப்பேகடுவ கமநல ஆராய்ச்சி, பயிற்சி நிறுவகம் தம்புள்ளை உட்பட முக்கிய சந்தைகளின் விலைகளை நாள்தோறும் வெளியிடுகிறது. அவ்விலையையும் நேரில் அறிந்த விலையையும் ஒப்பிட்டுப் பார்த்தல் நன்று.

அண்டை நாட்டிலும் இவ்வாறான முயற்சி நடைபெற்றது. தமிழ்நாட்டில் 1997 இற் சிறிய பஸ்கள் உட்கிராமங்களுக்கு விடப்பட்டன. 1999 நவம்பரில் மதுரையில் முதலாவது உழவர் சந்தை திறக்கப்பட்டது. உழவர் தம் மரக்கறிக் கூடைகளுடன் அதிகாலையில் வந்து சேர்வதற்கு அரசுப் பஸ்களில் வசதி செய்யப்பட்டது. சந்தையும் பஸ்ஸும் ஒன்றையொன்று சார்ந்தவை என்பதை அம்முயற்சி உணர்த்தியது.

ஒரு கணக்கு

பஸ்ஸிற் கொண்டு சென்று விற்பது எப்போதும் இலாபம் என்று கொள்ளலாகாது. கணக்குப் பார்த்தே முடிவு செய்தல் வேண்டும். பின்வருவது விளக்கத்துக்காக அமைத்த கணக்காகும். அவரவர் தத்தம் ஊரின் விலையை இட்டுப் பார்க்கவேண்டும்.

ஒருவரிடம் 40 கிலோ போஞ்சி உள்ளது எனக் கொள்க. வாசல் விலை கிலோவுக்கு 150 ரூபா. சந்தை விலை 210 ரூபா. வாசலில் விற்றால் 6,000 ரூபா கிடைக்கும். சந்தையில் விற்றால் 8,400 ரூபா. இதிற் பத்தில் ஒரு பங்கு தரகு எனின் 840 ரூபா கழியும். போக வரப் பயணச் செலவும் சுமைக் கட்டணமும் சுமைகூலியும் சேர்த்து 500 ரூபா எனின், கையில் நிற்பது 7,060 ரூபா. ஆகவே 1,060 ரூபா மிகுதி.

இனி, கட்டு முறை சரியில்லாமையால் 5 கிலோ நசுங்கிக் கழிக்கப்பட்டது எனக் கொள்க. விற்பது 35 கிலோ. கிடைப்பது 7,350 ரூபா. தரகு 735 ரூபாவும் செலவு 500 ரூபாவும் கழிய 6,115 ரூபா நிற்கும். மிகுதி 115 ரூபாவே. ஒரு நாட் கூலியைக் கருதினால் அது நட்டமாகும்.

இக்கணக்கிலிருந்து மூன்று பாடங்கள் பெறப்படும். முதலாவது, விலை வித்தியாசம் சிறிதாயின் பயணம் பயனற்றது. விலையை அறிந்தபின் புறப்படுதல் வேண்டும். இரண்டாவது, கெடும் பொருளே இலாபத்தைத் தின்கிறது. இலங்கையில் மரக்கறி, பழம் என்பவற்றில் 30 முதல் 40 சதவீதம் வரை அறுவடைக்குப் பின் வீணாவதாக மதிப்பிடப்படுகிறது. மூன்றாவது, ஒரு வீட்டார் தனித்துச் செல்வதைவிட இரு வீட்டார் முறைவைத்துக் கொண்டு, ஒருவர் இருவரின் சுமையையும் கொண்டு சென்றால் மற்றவரின் நாள் மிஞ்சும். சுமை அதற்கும் மேற்படுமாயின் பஸ்ஸை விட்டுவிட்டு, பலர் சேர்ந்து சிறு லொறி ஒன்றை அமர்த்துவதே முறை. பஸ் பயணிகளுக்குரியது, லொறியின் வேலையை அதன் மேற் சுமத்தலாகாது.

பஸ்ஸில் ஏற்றும் மரக்கறியைப் பேணுதல்

பஸ்ஸிற் செல்லும் மரக்கறி குலுங்கும்; நெருக்குண்ணும்; வெப்பமடையும். ஆதலாற் பின்வருவனவற்றைக் கவனித்தல் நன்று.

1. அறுவடையை முதல் நாள் மாலையில் வெயில் தாழ்ந்தபின், அல்லது விடியற்காலையிற் செய்க. நண்பகல் வெயிலிற் பறித்த காய் உள்ளே சூட்டைத் தேக்கி வைத்திருக்கும், விரைவில் வாடும்.

2. பறித்ததை நிழலில் மெல்லப் பரப்பி ஆறவிடுக. பனி ஈரமோ கழுவிய ஈரமோ உலராத நிலையிற் கட்டலாகாது. ஈரம் அழுகலுக்கு இடமளிக்கும். கீரை வகைகளுக்கு மட்டும் நனைத்துப் பிழிந்த சாக்கை மேலே போர்த்தலாம்.

3. தக்காளியை முழுவதும் பழுக்க விடாது, நிறம் மாறத் தொடங்கும் பருவத்திற் பறிக்க. அது பயணத்தைத் தாங்கிச் சந்தையிற் பழுக்கும். வெண்டி, பயிற்றங்காய், போஞ்சி என்பவற்றை முற்றவிடாது பறிக்க.

4. பெரிய, சிறிய, பழுதுற்ற காய்களை வீட்டிலேயே தரம் பிரிக்க. புழு குத்திய பத்துக் காய்கள் நல்ல நூறு காய்களின் விலையைக் குறைக்கும்.

5. உரப்பைகளில் அடைத்துத் திணிக்கும் வழக்கத்தை விடுக. அடியிலுள்ள காய் நசுங்குவதோடு நடுவிலுள்ளது வெந்துவிடும். காற்றுத் துளையுள்ள பிளாஸ்டிக் பெட்டிகளே மிகச் சிறந்தவை. 2011 இன் இறுதியில் இவை கட்டாயமாக்கப்பட்டபோது செலவைக் கருதிக் கமக்காரரும் வியாபாரிகளும் எதிர்த்தனர். அச்செலவு உண்மையானதே. எனினும் இரண்டு பெட்டிகள் பல போகங்களுக்கு உழைக்கும். அவை இல்லாதவர் பிரம்புக் கூடையின் உட்புறத்தே வாழையிலை பரப்பிப் பயன்படுத்தலாம்.

6. பெட்டியை விளிம்புக்கு மேல் நிரப்பற்க. மேலே மற்றொரு சுமை வைக்கப்படும்போது பெட்டியின் விளிம்பே அதைத் தாங்கவேண்டும், காய் தாங்கலாகாது.

7. பெரிய வெங்காயத்தைத் தாள் உலரும்வரை நிழலிற் பதப்படுத்திய பின்னரே கொண்டு செல்க. பச்சைக் கழுத்துள்ள வெங்காயம் வழியிலேயே கெடத் தொடங்கும்.

8. கிருமிநாசினி தெளித்தபின் மருந்துக் கொள்கலத்தின் சிட்டையிற் குறிக்கப்பட்ட நாட்கள் கழியுமுன் அறுவடை செய்யலாகாது. பஸ் புறப்படுகிறது என்ற அவசரம் இதற்கு நியாயமாகாது.

9. மண்ணெண்ணெய், களைநாசினி, கிருமிநாசினி என்பவற்றை மரக்கறியுடனோ பயணிகளின் நடுவிலோ கொண்டு செல்லற்க. ஒரு சிறு கசிவும் பலரின் உடல்நலத்தைக் கெடுக்கும்.

10. சுமையை வாசற்படியிலோ நடைவழியிலோ வைக்காது நடத்துநர் காட்டும் இடத்தில் வைக்க. சுமைக்குரிய கட்டணத்தைச் செலுத்திச் சீட்டுப் பெறுக. சீட்டில்லாத சுமை சபையின் கணக்கில் ஏறாது. கணக்கில் ஏறாத வழித்தடம் வருவாயற்ற வழித்தடமாகவே தோன்றும்.

நெற்செய்கையாளருக்குரிய பயன்

நெல்லைப் பஸ்ஸில் ஏற்றி விற்பதில்லை. எனினும் நெற்செய்கையாளரும் பஸ்ஸையே நம்பியுள்ளனர். கமநல சேவை நிலையத்திற் பசளை மானியத்துக்குப் பதிவு செய்வது, விதை நெல் பெறுவது, உழவு இயந்திரத்தின் உதிரிப்பாகம் வாங்குவது ஆகிய யாவும் பயணத்தை வேண்டுவன. பெரும்போக விதைப்புக் காலத்தில் வாய்க்காலில் நீர் விடும் தேதி குறிக்கப்பட்டிருக்கும்போது, ஓர் உதிரிப்பாகத்துக்காக ஒரு நாள் தாமதித்தாலும் உழவு பிந்தும்.

நெல்லை விற்குமுன் அதன் மாதிரியைக் கொண்டு சென்று ஈரப்பதனைச் சோதித்துக் கொள்ளலாம். நெல் சந்தைப்படுத்தும் சபை ஈரப்பதன் 14 சதவீதத்துக்கு மேற்படாத நெல்லையே உரிய விலைக்கு ஏற்கும். லொறியில் ஏற்றிச் சென்றபின் ஈரம் அதிகம் என்று திருப்பப்படுவதைவிட, ஒரு கையளவு மாதிரியுடன் முன்னரே சென்று வருவது சிக்கனம்.

பயிரில் நோயோ பூச்சியோ கண்டால் மாதிரியுடன் விவசாயப் போதனாசிரியரை அல்லது பயிர்ச் சிகிச்சை நிலையத்தை நாடுக. முற்றாகக் காய்ந்த செடி பயன்படாது. நோய் தொடங்கிய செடியை வேருடனும் சிறிது மண்ணுடனும் பிடுங்கி, செய்தித்தாளிற் சுற்றி, அன்றைய காலைப் பஸ்ஸிலேயே கொண்டு வருக. பொலித்தீனில் இறுகக் கட்டினால் வியர்த்து அழுகும். கபிலநிறத் தத்தி வயலிற் பரவிய பின் இரண்டு நாட் தாமதமும் பெருநட்டமாகும். பயணம் இயலாதபோது 1920 என்னும் தொலைபேசி இலக்கத்தில் விவசாயத் திணைக்களத்தின் ஆலோசனையைப் பெறலாம்.

பஸ் நின்ற காலங்கள்

பஸ்ஸின் அருமை அது நின்றபோதே தெரிகிறது. 2022 ஆம் ஆண்டு நாடு அந்நியச் செலாவணி நெருக்கடியிற் சிக்கியபோது டீசலுக்கு வண்டிகள் நாட்கணக்கில் வரிசையில் நின்றன. பஸ்கள் குறைந்தன, லொறிகள் குறைந்தன. தோட்டத்திற் காய் முற்றியது. நகரத்தில் விலை ஏறியது. விளைவித்தவருக்கும் வாங்குபவருக்கும் நடுவே வண்டி இல்லாமையால் இருவரும் நட்டமடைந்தனர்.

2025 நவம்பர் இறுதியில் 'டித்வா' சூறாவளி நாட்டைத் தாக்கியது. மாத்தளை உட்பட மலைநாட்டு மாவட்டங்களில் மண்சரிவுகள் ஏற்பட்டன, வீதிகள் தடைப்பட்டன. இத்தகைய வேளையில் ஊரின் பாதையை விரைவிற் திறப்பதற்கு ஊரவரின் உழைப்பு இன்றியமையாதது. வீதியோரக் கான்களிற் குப்பை தேங்காது பார்ப்பதும், சரிவுகளில் மண்ணைத் தாங்கும் மரங்களை வெட்டாது விடுவதும், செங்குத்தான காணிகளிற் சமவுயரக் கோட்டின் வழியே வரம்பும் கல்லணையும் அமைப்பதும் மண்காப்புக்கு உதவுவன. அவையே வீதிக்கும் பாதுகாப்பாகும். மேட்டுக் காணியிலிருந்து கழுவப்படும் மண் முதலில் வந்து விழுவது வீதியிலேயே. கமக்காரர் தம் காணியின் மண்ணைக் காத்தால் தம் பஸ்ஸின் பாதையையும் காத்தவராவர்.

நீர்த்தேக்கங்களும் பாதைகளை மாற்றியுள்ளன. அம்பன் கங்கையில் மொறகஹகந்த நீர்த்தேக்கம் 2017 இலும் களு கங்கை நீர்த்தேக்கம் 2018 இலும் நீர் தேக்கத் தொடங்கின. வழிவழியாக வாழ்ந்த ஊர்களை விட்டுப் பல குடும்பங்கள் புதிய குடியிருப்புகளுக்குப் பெயர்ந்தன. லக்கலவுக்குப் புதிய நகரம் அமைந்தது. புதிய காணியில் நீர் உண்டு. ஆயினும் அங்கு விளையும் மரக்கறி சந்தையை அடைய வேண்டுமாயின், பழைய ஊர்களுக்கென வகுத்த நேர அட்டவணை போதாது. குடியேறியோர் தம் தேவையை எடுத்துரைத்தாலன்றி அது தானாக மாறுவதில்லை.

சேவையைக் காத்தல்

கிராமத்துப் பஸ் நிறுத்தப்படும் முறை பெரும்பாலும் ஒன்றேயாகும். முதலில் வண்டி பிந்துகிறது. நம்பிக்கை இழந்த பயணிகள் முச்சக்கர வண்டியையும் மோட்டார் சைக்கிளையும் நாடுகின்றனர். பயணிகள் குறையவே வருவாய் குறைகிறது. வருவாய் குறையவே பழுதான வண்டிக்குப் பதில் வண்டி விடப்படுவதில்லை. இறுதியில் அச்சேவை தேவையற்றது என்று கணக்குக் கூறுகிறது. அப்போது மோட்டார் சைக்கிள் உடையவர் தப்பிப் பிழைப்பார். கிளினிக்குக்குச் செல்லும் முதியவரும், நகரப் பாடசாலையில் உயர்தரம் படிக்கும் பிள்ளையும், கூடையுடன் நிற்கும் சிறு கமக்காரரும் சந்தியிலேயே நிற்பர்.

இதனைத் தடுக்கக் கமக்காரர் அமைப்புகள் பின்வருமாறு செயலாற்றலாம்.

பஸ் வந்த நேரம், வராத நாள், ஏறிய பயணிகள் எனும் மூன்றையும் ஒரு மாத காலம் ஒரு கொப்பியிற் குறித்து வைக்க. 'பஸ் ஒழுங்காக வருவதில்லை' என்று பொதுவாக எழுதுவதிலும், 'இம்மாதத்தில் இத்தனை நாள் வரவில்லை' என்று எழுதுவது பயன் தரும்.

அறுவடைக் காலத்தையும் சந்தை நாட்களையும் குறித்து, எந்த மாதங்களில் எந்த நேரத்தில் வண்டி வேண்டுமென முடிவு செய்க. தம்புள்ளைப் பகுதியிற் சிறுபோகத்துப் பெரிய வெங்காயம் ஆகத்து முதல் ஒற்றோபர் வரை வெளிவரும். ஆண்டு முழுவதற்கும் மேலதிக வண்டி கேட்பதிலும், தேவையான காலத்துக்கு நேர மாற்றம் கேட்பது எளிதில் நிறைவேறும்.

இவற்றை மனுவாக எழுதிப் போக்குவரத்துச் சாலையின் அத்தியட்சகருக்கும் பிரதேச செயலாளருக்கும் அனுப்புக. பிரதேச ஒருங்கிணைப்புக் குழுக் கூட்டத்தில் அதனை எடுத்துரைக்கச் செய்க. மாகாணத்துக்குள் ஓடும் தனியார் பஸ்கள் மாகாணப் போக்குவரத்து அதிகாரசபைக்கும், மாகாணங்களுக்கிடையே ஓடுபவை தேசிய போக்குவரத்து ஆணைக்குழுவுக்கும் உட்பட்டவை. ஆணைக்குழுவின் முறைப்பாட்டு இலக்கம் 1955 ஆகும்.

மனு அனுப்பிய அமைப்பு தன் பங்கையும் செய்தல் வேண்டும். வண்டி திரும்பும் இடத்தை மேடுபள்ளமின்றி வைத்திருத்தல், வீதிக்குச் சாய்ந்த கிளைகளை வெட்டுதல், இரவு தங்கும் பஸ்ஸாயின் சாரதிக்கும் நடத்துநருக்கும் தங்க நல்ல இடம் கொடுத்தல் ஆகியன சிறு உதவிகளே. ஆயினும் கடைசி ஊரில் இரவு தங்கி விடியலிற் புறப்படும் பஸ்ஸே மரக்கறிச் சந்தைக்கு உகந்தது. தங்குவதற்கு இடமில்லையேல் அந்தப் பஸ் நகரத்திலிருந்து விடிந்தபின்னரே வரும்; அது வந்து சேரும்போது சந்தை பாதி கலைந்திருக்கும்.

1848 இல் மாத்தளை மக்கள் தமக்குப் பயன்படாத வீதிக்காக உழைக்க மறுத்தனர். இன்றைய வீதியும் அதில் ஓடும் பொதுப் பஸ்ஸும் அவர்களுக்கே உரியவை. வயலுக்கு நீர் வரும் வாய்க்காலை ஊரார் கூடித் துப்புரவு செய்வது போல, சந்தைக்கு வழிவிடும் இச்சேவையையும் ஊரார் கூடிப் பேணுவார்களாயின், விளைவித்தவர் கையிலேயே விளைவின் பயன் நிற்கும். அடுத்த போகத்துக்கான கன்னிக் கூட்டத்தில் நீர் விடும் தேதியையும் விதைக்கும் தேதியையும் தீர்மானிக்கும்போது, காலைப் பஸ் புறப்படும் நேரத்தையும் ஒரு விடயமாகச் சேர்த்துக் கொள்வது நலம் பயக்கும்.